கை நனைத்த வீடு

தெலுங்குப் படம் பார்த்து அழுகிற ஆண்களை நம்பக் கூடாது. இதை எந்தச் சபையில் வேண்டுமானாலும் எழுந்து நின்று சொல்லத் தயாராக இருக்கிறேன். எங்கள் அப்பாவின் கண்ணீரை நம்பி என் வாழ்க்கைக்கே ஒரு திட்டம் போட்டவள் நான். அந்தத் திட்டம் என்ன ஆயிற்று என்பதை இப்போது நினைத்தாலும் பல்லைக் கடிக்கத்தான் தோன்றுகிறது.

அப்பா வளைகுடாவில் வேலை பார்த்த காலத்தில் அவரோடு ஒரே அறையில் கிடந்தவர்கள் எல்லாரும் ஆந்திராக்காரர்கள். வெள்ளிக்கிழமை விடுமுறைக்கு அவர்கள் படம் போடுவார்களாம். வேறு போக்கிடம் இல்லாததால் அப்பாவும் கட்டிலில் படுத்துக்கொண்டு பார்ப்பாராம். அப்படியே மொழியைப் பிடித்துக்கொண்டார். பிறகு ஊருக்கு வந்து, கருங்கலுக்குப் பக்கத்தில் விளை என்று நாங்கள் சொல்கிற ரப்பர் தோட்டம் ஒன்றை வாங்கி, மாடி வீடு கட்டி, பெரிய ஆளாகி, பழைய சிநேகிதர்களோடு போன் பேச்சும் நின்றுபோன பிறகும் தெலுங்கு மட்டும் அவரை விட்டுப் போகவில்லை. எங்கள் ஊரில் மலையாளப் படம் பார்ப்பார்கள், தமிழ்ப் படம் பார்ப்பார்கள். தெலுங்குப் படத்தைத் தெலுங்கிலேயே பார்க்கிற வீடு எங்கள் வீடு ஒன்றுதான்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்து, கோழிக்கறிச் சோறு சாப்பிட்டு, ஹாலில் ஏசியைப் போட்டு, கதவைச் சாத்தினால் படம் தொடங்கிவிடும். தமிழில் குரல் மாற்றியது அப்பாவுக்கு ஆகாது. "அவனுக்க வாய் ஒண்ணு பறயுது, சத்தம் வேற ஒண்ணு பறயுது, சவம்" என்பார். திரையின் கீழே ஆங்கில எழுத்து ஓடுவதும் ஆகாது. எழுத்தைப் பார்த்தால் முகத்தைப் பார்க்க முடியாதாம். ஆகவே எனக்கும் அம்மாவுக்கும் மொழிபெயர்ப்பாளர் அவரேதான். சோபாவில் கைலிச் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு உட்கார்ந்து, ஒவ்வொரு வசனம் முடிந்ததும் எங்கள் ஊர்த் தமிழில் எடுத்துச் சொல்வார். ஆந்திராவில் மிளகாய்க் காட்டில் நிற்கிற கதாநாயகி எங்கள் வீட்டு ஹாலில் "ஏட்டி" போட்டுத் தோழியைக் கூப்பிடுவாள்.

அவருக்குப் பிடித்தது ஒரே கதைதான். இருக்கப்பட்ட வீட்டுப் பெண், இல்லாத வீட்டுப் பையன். எத்தனை முறை எடுத்தாலும் பார்ப்பார். எப்போதும் பையன் பக்கம்தான். பெண்ணின் அப்பன் திரையில் வந்தவுடனே, "பணத்திமிரு பிடிச்ச பய, இவன் உருப்படுவானா?" என்று சாபம் போடுவார். காதலர்களைப் பிரிக்கிற கட்டத்தில் சாரத்தின் நுனியை எடுத்துக் கண்ணைத் துடைப்பார். பக்கத்தில் உட்கார்ந்து நான் அந்தக் கண்ணீரை வாரா வாரம் வங்கியில் போடுவதுபோல் மனதில் போட்டு வைத்துக்கொண்டிருந்தேன். ஒருநாள் எடுக்கலாம் என்று நினைத்தேன். பைத்தியக்காரி.

ஏனென்றால் எனக்கும் அதே கதைதான். நான் விரும்பியது எங்கள் விளையில் பால் வெட்டுகிறவரின் மகனை.

பால் வெட்டுவது என்றால் ரப்பர் மரத்தின் பட்டையை விடியற்காலையில் கத்தியால் கீறி, சிரட்டையில் வடிகிற பாலைச் சேர்த்து, ஷீட் அடித்துக் காயப்போடுகிற வேலை. அவனுடைய அப்பா அந்த விளை எங்கள் கைக்கு வருவதற்கு முன்பிருந்தே அங்கே வெட்டிக்கொண்டிருந்தவர். "விளை வாங்கினப்பம் கூடக் கெடச்ச ஆளாக்கும்" என்று அப்பா சொல்லிச் சிரிப்பார். அவர் அப்பாவைவிட மூத்தவர். ஆனால் அவர் அப்பாவை "முதலாளி" என்பார். அப்பா அவரை "லே" என்பார். இரண்டு பேருக்கும் அதில் ஒரு வருத்தமும் இருந்ததாகத் தெரியவில்லை. எனக்குத்தான் காதில் குத்தும்.

இதில் சாதிப் பிரச்சினை எதுவும் கிடையாது. சாதியும் ஒன்று, கோயிலும் ஒன்று. ஞாயிறு மறைக்கல்வி வகுப்பில் அவனும் நானும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்தவர்கள். பிறகு நான் பொறியியல் படித்து ஒரு தனியார் கல்லூரியில் பாடம் நடத்தப் போனேன். அவன் ஐ.டி.ஐ. முடித்துக் கருங்கலில் ஏசி சர்வீஸ் கடை போட்டான். எங்கள் ஹாலில் ஓடுகிற ஏசியே அவன் மாட்டியதுதான். அன்றைக்கு முழுக்க ஹாலுக்குள் ஏணி போட்டு நின்று வேலை செய்தான். சாயா குடிக்க மட்டும் வெளியே சிட்டவுட்டுத் திண்ணைக்குப் போனான். யாரும் போகச் சொல்லவில்லை. அம்மா தம்ளரை அங்கே கொண்டுபோய் வைத்தாள், அவனும் அங்கே போய் உட்கார்ந்தான், அவ்வளவுதான். எனக்கு அன்றைக்கு வந்த கோபத்தை யாரிடம் காட்டுவது என்று தெரியாமல் மிக்சியில் அரைத்துக்கொண்டிருந்த தேங்காயைக் கூழாக்கினேன்.

இரண்டு பேரும் வயது வந்தவர்கள். போய்ப் பதிவுத் திருமணம் செய்துகொண்டால் யார் தடுக்க முடியும்? இதை நான் அவனிடம் சண்டையாகவே கேட்டிருக்கிறேன். அவன் மசியவில்லை.

"நீ சொல்லுகது ஒனக்குச் சரி. எனக்க அப்பன் நாளைக்கும் அந்த மரத்துலதான் கத்தி வைக்கணும். ஒனக்க அப்பாவுக்குத் தெரியாம ஒன்னைக் கெட்டிட்டு வந்தா அவரு எந்த மூஞ்சிய வச்சிட்டு அந்த விளைக்குள்ள ஏறுவாரு?"

"வேற விளைக்குப் போகட்டு."

"இந்த வயசுலயா? போட்டும், வேற எடம் கிடைச்சிதுன்னே வை. கள்ளன் மாதிரி ஒளிஞ்சு திரியாண்டாமா? ஒனக்க அப்பா வரணும். எங்க வீட்டுல வந்து இருந்து, பெண்ணைத் தாறேன்னு வாயால சொல்லணும். அது போதும் எனக்கு."

அது போதுமாம். ஏதோ கடையில் போய் உப்பு வாங்கி வருகிற மாதிரி. அம்மாவிடம் சொன்னேன். "எனக்கு ஒண்ணும் கேக்காண்டாம், ஒனக்க அப்பாட்டப் பேசு" என்று இரண்டு காதையும் பொத்திக்கொண்டாள். அதற்குள் நாகர்கோவில் பக்கமிருந்து ஒரு டாக்டர் வரன் வந்திருந்தது. அப்பா அதற்காக வெள்ளைச் சட்டையை இஸ்திரி போட்டு அலைந்துகொண்டிருந்தார்.

இந்தச் சமயத்தில்தான் அந்தப் படம் என் கண்ணில் பட்டது. கல்லூரிப் பேருந்தில் போகும்போது போனில், ஆங்கில எழுத்தோடு, நாலைந்து முறை பார்த்தேன். அரிசி மில் முதலாளியின் மகள், அதே மில்லில் மூட்டை தூக்குகிறவரின் மகன். பிரிக்கிறார்கள், அடிக்கிறார்கள், மழை பெய்கிறது, பாட்டு வருகிறது, எல்லாம் உண்டு. ஆனால் முடிவு எனக்குப் பிடித்தது. பையனுக்குத் திடீரென்று பணம் வரவில்லை. அவன் யாரோ ஜமீன்தாரின் காணாமல்போன பிள்ளை என்றும் தெரியவரவில்லை. கடைசியில் முதலாளியே இறங்கி வருகிறார். மூட்டை தூக்குகிறவரின் வீட்டுக்குள் குனிந்து நுழைந்து, தரையில் உட்கார்ந்து, "சோறு போடு" என்கிறார். பையனின் அம்மா கை நடுங்கச் சுடுசோறும் மாங்காய் ஊறுகாயும் வைக்கிறாள். அவர் பிசைந்து முதல் உருண்டையை வாயில் வைக்கிறார். அதோடு படம் முடிகிறது.

இதையே எத்தனை காலம் எடுப்பார்கள் என்று விமர்சகர்கள் திட்டியிருந்தார்கள். எனக்கு விமர்சனம் தேவைப்படவில்லை. எனக்குத் தேவைப்பட்டது ஒரு கருவி. அடுத்த ஞாயிற்றுக்கிழமை கோழிக்கறி முடிந்ததும், நல்ல படம் ஒன்று வந்திருக்கிறது என்று அதைப் போட்டுவிட்டேன்.

அன்றைக்குத்தான் ஒரு விஷயம் தெரிந்தது. அப்பா இத்தனை வருஷமும் எங்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தது படத்தில் இருந்த வசனம் அல்ல. எனக்கு இந்தப் படத்தின் ஒவ்வொரு வசனமும் மனப்பாடம். மூட்டை தூக்குகிறவர் முதலாளியைப் பார்த்து, நீங்கள் நிமிர்ந்து நிற்பதற்காக நான் குனிந்தேன், என் மகனும் குனிய வேண்டுமா என்று கேட்கிறார். அப்பா, "ரொம்ப நாளா மூட்ட தூக்கேன்னு சொல்லுகான்" என்றார். முதலாளி தன் மகளைத் தோளில் தூக்கி வளர்த்ததைப் பற்றி நாலு வார்த்தை பேசினால், அப்பா குரல் தழுதழுக்க நாற்பது வார்த்தை சொன்னார். உங்களுக்கு ஏழைகளைப் பிடிக்கும் அப்பா, அவர்கள் நம் முன்னால் நாற்காலியில் உட்கார்ந்தால்தான் பிடிக்காது என்று மகள் கத்துகிறாள். எந்த வசனத்துக்காக நான் இந்தப் படத்தையே தேர்ந்தெடுத்தேனோ அந்த வசனம் அது.

"என்ன சொல்லுகா?" என்று அம்மா கேட்டாள்.

"அவ சும்மா கெடந்து சாடுகா" என்றார் அப்பா.

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. எழுந்து நின்று, பொய், அவள் சொன்னது அதுவல்ல என்று கத்த வேண்டும் போலிருந்தது. முன்னாலேயே பார்த்துவிட்டேன் என்பது தெரிந்துவிடுமே என்று தலையணையைக் கிள்ளிக்கொண்டு இருந்தேன்.

ஆனால் கடைசிக் கட்டத்தில் அப்பா மொழிபெயர்க்கவே இல்லை. முதலாளி தரையில் உட்கார்ந்தபோது அப்பாவின் வாய் லேசாகத் திறந்திருந்தது. சோறு வந்தபோது கண்ணில் நீர் கொட்டியது. துடைக்கக்கூட இல்லை. அம்மா மறுபடியும் கேட்டாள். "ஒண்ணும் பறயல்ல, சோறு கேக்கான்" என்றார். படம் முடிந்து பெயர்கள் ஓடின. "இவனாக்கும் மனுஷன்" என்றார். சொல்லிவிட்டு மூக்கைச் சிந்தினார்.

இதைவிட நல்ல நேரம் வராது என்று நினைத்தேன்.

"அப்பா, எனக்கும் இதே கதைதான். நம்ம பால் வெட்டுகவருக்க மகனை நான் கெட்டணும்னு நினைக்கேன். டாக்டர் வீட்டுல வேண்டாம்னு சொல்லிருங்க."

அப்பா என்னைப் பார்த்தார். நெட் போய் டிவி நின்றுவிட்டால் திரையை எப்படிப் பார்ப்பாரோ அப்படிப் பார்த்தார். கோபப்படவில்லை, கத்தவில்லை, காரணம் கேட்கவில்லை. ரிமோட்டை எடுத்து டிவியை அணைத்தார். அம்மாவைப் பார்த்து, "ஒரு சாயா போடு" என்றார். அவ்வளவுதான். நான் சொன்னது காதில் விழவே இல்லையோ என்று சந்தேகம் வந்துவிட்டது. அடித்திருந்தால்கூட ஒரு பதில் கிடைத்தது என்று சமாதானம் ஆகியிருப்பேன்.

சொல்லிவிட்டேன் என்று அவனிடம் சொன்னேன். அவன் அவனுடைய வீட்டில் சொன்னான். ஒரு வாரம் போயிற்று. அப்பா என்னிடம் மோட்டார் போடு, கேட்டைப் பூட்டு என்று எப்போதும்போல் பேசினார். அந்த ஒரு காரியத்தைப் பற்றி மட்டும் ஒரு சொல் இல்லை. டாக்டர் வீட்டிலிருந்து போன் வந்தால் மாடிக்குப் போய்ப் பேசினார்.

பிறகு நல்ல மழை பிடித்தது. மழை நின்ற ஒருநாள் காலையில், விளைச்சரிவில் அவனுடைய அப்பா வழுக்கி விழுந்து கால் எலும்பு முறிந்தது. குழித்துறை ஆஸ்பத்திரியில் கட்டுப் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார்கள் என்று தகவல் வந்தது. சாயங்காலம் அப்பா சட்டையை மாட்டிக்கொண்டு என் அறை வாசலில் வந்து நின்றார்.

"நீயும் வா மக்களே. போய்ப் பாத்துட்டு வருவோம்."

என்னைக் கூப்பிட்டார். எல்லாம் தெரிந்த பிறகு, அந்த வீட்டுக்கு, என்னைக் கூடவே. சுடிதாரை இரண்டு முறை மாற்றினேன்.

விளைக்குக் கீழே, ஓடைக்கரையில் அவர்கள் வீடு. வாசலில் கொடியில் ரப்பர் ஷீட்டுகள் துணிபோலத் தொங்கின. உள்ளே கட்டிலில் அவர் கட்டுப்போட்ட காலை நீட்டிக் கிடந்தார். அப்பாவைக் கண்டதும் எழுந்திருக்கப் பார்த்தார்.

"கெடலே அங்க" என்று அப்பா அதட்டினார். "கண்ணு தெரியல்லியா ஒனக்கு? மழை ஈரத்துல எதுக்குலே மரத்துப் பக்கம் போனா?"

"பட்டையில காஞ்சு கெடந்த ஒட்டுப்பால் எடுக்கப் போனேன் முதலாளி."

"ஒட்டுப்பாலும் மண்ணாங்கட்டியும்."

அப்பா கட்டிலின் ஓரத்திலேயே உட்கார்ந்து அவருடைய காலைத் தொட்டுப் பார்த்தார். பாசம் இருந்தது, அதில் பொய் இல்லை. அவன் கதவோரம் நின்றான். நான் ஜன்னலோரம் நின்றேன். அவனுடைய அம்மா அடுக்களைக்குள் போய், அவித்த மரச்சீனிக் கிழங்கும் சாளை மீன் கறியும் கொண்டுவந்து அப்பாவின் முன்னால் வைத்தாள்.

நான் அப்பாவின் கையையே பார்த்தேன். வெளியூர்க்காரர்களுக்கு இது புரிய வேண்டுமென்றால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். எங்கள் ஆட்கள் சம்பந்தம் பேசுகிற வீட்டில், காரியம் உறுதியாகும்வரை கை நனைக்க மாட்டார்கள். சாப்பிட்டால் சம்மதம் என்று அர்த்தம். டாக்டர் வீட்டை அப்பா பார்க்கப் போனபோது, அங்கே மேஜை நிறையப் பலகாரம் வைத்தார்களாம். அப்பா ஒரு நேந்திரங்காய் வற்றலைக்கூட எடுக்கவில்லை. அதைப் பெருமையாக வந்து சொன்னார். அவ்வளவு முறை தெரிந்த மனுஷன்.

அந்த மனுஷன் இப்போது மரச்சீனியைப் பிட்டு, சாளைக்கறியில் முக்கி, வாயில் வைத்தார். மென்றார். "எரிவு கொள்ளாம்" என்று காரத்தை மெச்சினார். இன்னும் கொஞ்சம் கறி ஊற்றச் சொன்னார். அவனுடைய அம்மா என்னைப் பார்த்தாள். அவள் கையில் கரண்டி ஆடியது. படத்தில் பார்த்த அதே கை. நான் அவனைப் பார்த்தேன். அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டு கதவுத் தாழ்ப்பாளைச் சும்மா திறந்து திறந்து மூடினான். அப்பா முற்றத்தில் கை கழுவினார். வீட்டுக்குத் திரும்பும் வழியில் அவர் மழையைப் பற்றியும் ஷீட் விலையைப் பற்றியும்தான் பேசினார். நான் ஒன்றும் கேட்கவில்லை. சிலருக்கு வாயால் சொல்ல வராது, சாப்பிட்டுத்தான் சொல்ல வரும் என்று எனக்கு நானே ஒரு விளக்கம் சொல்லிக்கொண்டேன். அன்றைக்கு ராத்திரி அந்தப் படத்தை எடுத்தவர்களுக்கு மனதுக்குள் நன்றிகூடச் சொன்னேன்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வெளியே வந்தபோது, அவனுடைய அம்மா நல்ல சேலை உடுத்தி எங்களை நோக்கி வந்தாள். எப்போதும் பத்தடி தள்ளி நின்று, "அம்மா, சுகம்தானா?" என்று கேட்டுவிட்டுப் போகிறவள். அன்றைக்கு நேராக வந்து அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"மைனி, வீட்டுக்கு வாருங்க ஒரு நாளு."

மைனி. சம்பந்திக்காரி சம்பந்திக்காரியைக் கூப்பிடுகிற முறை. சுற்றி நின்ற பெண்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். அம்மாவின் முகம் செத்துப்போயிற்று. கையை உருவிக்கொண்டு காரைப் பார்த்து நடந்தாள். அவனுடைய அம்மா அந்தக் கையை என்ன செய்வது என்று தெரியாமல் முந்தானையைச் சரிசெய்தாள். நான் இரண்டு பேருக்கும் நடுவில் நின்றேன்.

வீட்டுக்கு வந்ததும் அம்மா தாலிச்செயினைப் பிடித்துக்கொண்டு அப்பாவிடம் கத்தினாள். "அவளுக்கு அந்தத் தைரியம் எங்க இருந்து வந்துது? நீங்க அங்க போயி என்ன சொன்னிய?"

"நான் என்னத்தச் சொன்னேன்? காலைப் பாத்தேன். மரச்சீனி தின்னேன். வந்தேன்."

"தின்னியளா?"

அப்பா சிரித்தார். உண்மையாகவே சிரித்தார். அதைத்தான் என்னால் மறக்க முடியவில்லை. "ஏட்டி, நான் அவனுக்க வீட்டுல எத்தன வாட்டி தின்னிருக்கேன். விளைக்குப் போனா காலம்பற அங்கதானே நமக்குச் சாப்பாடு. அதுல என்ன இருக்கு?"

அப்போதுதான் எனக்கு விளங்கிற்று. அவர் அங்கே சாப்பிட்டது சம்மதத்தால் அல்ல. மறந்துபோயும் அல்ல. நான் சொன்ன பிறகும், அது சம்பந்தம் பேசக்கூடிய ஒரு வீடு என்று அவர் தலைக்குள் ஏறவே இல்லை. நாங்கள் எல்லாரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தோம். அவர் வெறுமனே மரச்சீனி தின்றார். அந்தப் படத்தை எடுத்தவர்களுக்கு எங்கள் அப்பாவைத் தெரியாது. ஏழை வீட்டில் முதலாளி சாப்பிட்டால் எல்லாம் தீர்ந்தது என்று நினைத்துவிட்டார்கள். ஏழை வீட்டில் சாப்பிடுவது முதலாளிக்கு ஒரு கஷ்டமா?

"டாக்டர் வீட்டுல ஏன் சாப்பிடல்ல?" என்று கேட்டேன்.

"அது முறை. காரியம் முடியாம எப்படித் திங்கது?"

"இங்க மட்டும் எப்படித் தின்னிய? நான் சொன்னனா இல்லியா? இதே சோபாவுல வச்சு சொன்னனா இல்லியா?"

அப்பா சட்டைப் பொத்தானைக் கழற்றத் தொடங்கினார்.

"டாக்டர் வீட்டுக்காரங்க ஒங்களுக்குச் சமம். அதனால அங்க கையை மடக்கி வச்சிட்டு இருந்திய. இவங்க வீட்டுல கையை மடக்கணும்னு ஒங்களுக்குத் தோணவே இல்ல. வேண்டாம்னு சொல்லுகதுக்குக்கூட அவங்களுக்குத் தகுதி இல்லியா அப்பா? எனக்க முகத்தைப் பாத்து முடியாதுன்னு சொல்லியிருக்கலாமே. அந்த அம்மாவுக்க மூஞ்சியப் பாத்துச் சொல்லியிருக்கலாமே. ரெண்டாமத்தும் கறி கேட்டு வாங்கித் தின்னுட்டு வந்திய."

அழுகையை அடக்கத் தெரியாத என் மேலேயே எரிச்சல் வந்தது. அவர் தலை குனிந்து தன் வலது கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து சிட்டவுட்டுக்குப் போனார். அன்றைக்குப் படம் ஓடவில்லை. அதற்கு அடுத்த ஞாயிறும் ஓடவில்லை.

அவனுடைய அம்மா அடுத்த ஞாயிறு பூசைக்கு வரவில்லை. கோயிலில் வைத்து மானம் போய்விட்டது என்று வீட்டுக்குள்ளேயே இருந்தாளாம். "விட்டுரு, இனி வேண்டாம்" என்றான் அவன். அந்தப் பொறுமை எனக்கு அப்பாவின் சிரிப்பைவிட எரிச்சலாக இருந்தது. "சண்டையாவது போடேன், ஏன் எல்லாரும் இப்படி அடங்கிப் போறிய?" என்று போனில் கத்தினேன். அவன் வைத்துவிட்டான். அப்பாவோடு நான் பேசுவதை நிறுத்தினேன். அவரும் பேசவில்லை. தட்டில் சோறு போட்டால் பாதியில் எழுந்துவிடுவார். அதற்காக நான் இரக்கப்படவில்லை.

பிறகு ஒரு சனிக்கிழமை. எனக்குக் கல்லூரியில் தேர்வுப் பணி. மதியம் போனை எடுத்துப் பார்த்தால் அவனிடமிருந்து பல அழைப்புகள். வராந்தாவுக்கு வந்து கூப்பிட்டேன்.

"ஒனக்க அப்பா வந்திருந்தாரு" என்றான். குரல் செத்திருந்தது.

"எங்க?"

"எங்க வீட்டுக்கு. ஒனக்க அம்மாவும் வந்தா. குழித்துறையில இருந்து ஒனக்க பெரியப்பாவையும் கூட்டிட்டு வந்திருந்தாரு. முன்னால போன் பண்ணிக் கேட்டுட்டுத்தான் வந்தாரு. பட்டு வேட்டி கெட்டியிருந்தாரு."

"என்ன பேசினாரு?"

"ஒண்ணும் பேசல்ல பெரிசா. நாற்காலியில இருந்தாரு. எனக்க அப்பனுக்கும் ஒரு நாற்காலி போடச் சொன்னாரு. கால் எப்படி இருக்குன்னு கேட்டாரு. எனக்க கடையைப் பத்தி ஒனக்க பெரியப்பா கேட்டாரு. வீட்டுல எத்தன படுக்கமுறி, கெணறு இருக்கான்னு எல்லாம் கேட்டாரு. அம்மா பாவம், நேத்தே போயி நெய்மீன் வாங்கி வச்சிருந்தா. எலை போட்டு எல்லாம் கொண்டு வச்சா. ஒனக்க அப்பா கையெடுத்துக் கும்பிட்டுட்டு, இப்பம் வேண்டாம், நீங்க தப்பா நினைக்காண்டாம்னு சொல்லிட்டாரு."

"யாருட்ட? யாரை நீங்கன்னு சொன்னாரு?"

"அப்பன்ட்டதான். கேளு, மூணு பேரும் ஒண்ணையும் தொடல்ல. வீட்டுல ஆலோசிச்சிட்டுச் சொல்லுகோம்னு எழும்பிப் போயாச்சு. அம்மா அடுக்களையில இருந்து அழுகா. முடிஞ்சுது எல்லாம்."

"சாயா?"

"என்னது?"

"சாயா குடிச்சாரா அப்பா? யோசிச்சுச் சொல்லு."

"இல்ல. வெள்ளம்கூடக் குடிக்கல்ல, கேட்டியா. எப்பவும் அள்ளி அள்ளித் தின்னுட்டுப் போற மனுஷன், இன்னைக்கு ஒரு துளி வெள்ளம்கூட எங்க வீட்டுல குடிக்கல்ல."

அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டேன். தேர்வறையிலிருந்து மாணவர்கள் எட்டிப் பார்த்தார்கள். நான் அழுகிறேனா சிரிக்கிறேனா என்று அவனுக்குப் புரியவில்லை. என்ன ஆயிற்று, என்ன ஆயிற்று என்று கேட்டுக்கொண்டே இருந்தான்.

"அம்மாட்ட அழாண்டாம்னு சொல்லு" என்றேன். "எங்க அப்பா இன்னைக்குத்தான் ஒங்க வீட்டுக்கு வந்திருக்காரு."